சிஸ்டத்துக்கும் ஒரு காற்று

செப்டம்பர் 30, செவ்வாய்

நாளை ஆயுத பூஜை. காலையிலிருந்தே கம்பெனி முழுக்க ஈரத்துணியும் துடைப்பமும்தான். லேத், டிரில்லிங் மெஷின், பம்ப் சோதிக்கும் தொட்டி என்று எல்லாவற்றிலும் ஒரு வருடத்து அழுக்கு. ஃபிட்டர் மருதாசலம் கம்ப்ரசர் குழாயைத் தோளில் போட்டுக்கொண்டு மெஷின் மெஷினாகக் காற்றடித்துக்கொண்டே வந்தான். என் அறை வாசலில் நின்று, "அக்கா, உங்க ரூமுக்கும் ஒரு காத்து அடிச்சு உட்டுரட்டுங்களா" என்று கேட்டான். அப்படியே நம்ம சிஸ்டத்துக்கும் அடிச்சு விடுப்பா, எனக்கு அதுதானே ஆயுதம் என்றேன். மதியமே பேக்கப் எடுத்து சிஸ்டத்தை அணைத்து வைத்திருந்தேன். பக்கத்து மூடியைக் கழற்றி உள்ளே அடித்தான். எவ்வளவு தூசி! எனக்கே வெட்கமாகப் போய்விட்டது.

அவன் போன பிறகு முதலாளியின் மருமகள் சம்யுக்தா எட்டிப் பார்த்தாள். ஜூன் மாதம் ஆபீசுக்கு வர ஆரம்பித்ததிலிருந்து அவளுக்கு ஒரே பல்லவிதான், கணக்கை ஆன்லைனில் வைக்க வேண்டுமாம். அதாவது, எங்கேயோ வானத்தில். நம் கணக்கு நம் கூரைக்கு அடியிலேயே இருக்கட்டும் என்று அப்போதே சொல்லிவிட்டேன், முதலாளியும் தலையாட்டினார். பதினெட்டு வருடமாகக் கணக்கு விஷயத்தில் நான் சொல்லி அவர் தலையாட்டாமல் இருந்ததில்லை.

அக்டோபர் 1, புதன்

பூஜை நன்றாக நடந்தது. மானிட்டருக்குச் சந்தனம் குங்குமம், கீபோர்டு மேல் மாவிலை. பூசணிக்காய் உடைத்தது வழக்கம்போல மருதாசலம்தான். பொரி கடலை இன்னும் பல்லில் மாட்டிக்கொண்டிருக்கிறது.

அக்டோபர் 2, வியாழன்

எழுதவே கை வரவில்லை. ஆனால் எழுதாமல் தூக்கமும் வராது.

காலையில் மறுபூஜை. கற்பூரம் காட்டி முதலாளி தன் கையால் என் சிஸ்டத்தின் ஸ்விட்சைப் போட்டார். உள்ளே 'டப்' என்று ஒரு சத்தம், கருகிய வாசனை, அவ்வளவுதான். கம்ப்யூட்டர் மெக்கானிக்கைக் கூப்பிட்டால் லீவாம். எனக்குப் பொறுமை ஏது? எலக்ட்ரீஷியனை விட்டு, ஸ்டோரில் கிடந்த பழைய சிஸ்டத்தின் பவர் பாக்ஸை எடுத்து இதில் மாட்டச் சொன்னேன். கரண்ட் வந்தது. ஆனால் திரையில் ஒன்றும் இல்லை, உள்ளே 'கிரக் கிரக்' என்று மட்டும் கேட்டது. அணைத்து அணைத்துப் போட்டுப் பார்த்தேன். எத்தனை தடவை என்று கணக்கு வைக்கவில்லை.

எலக்ட்ரீஷியன் மூடிக்குள் விரலை விட்டுக் காட்டினார். எண்ணெயும் தண்ணீருமாகப் பிசுபிசுப்பு. கம்ப்ரசர் டேங்கில் தண்ணீர் தேங்கியிருந்தால் காற்றோடு அதுவும் சேர்ந்து வருமாம். இரும்பு மெஷினுக்கு அது ஒன்றும் செய்யாது. இது இரும்பா?

முதலாளி வரதராஜுலு கோபத்தில் கத்துகிற ஆள் இல்லை, குரலைத் தாழ்த்துகிற ஆள். இதற்குள் காற்றடித்தது யார் என்று கேட்டார். நான்தானுங்க என்று மருதாசலம் முன்னால் வந்தான். யார் சொல்லி அடித்தாய் என்றார். என்னை ஒரு தடவை பார்த்தான், பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"உங்களுக்கு ஏதாச்சும் தெரியுமாம்மா?" என்று முதலாளி என்னைக் கேட்டார்.

"நான் ஃபைல் எடுக்க ஸ்டோருக்குப் போயிருந்தேனுங்க."

ஸ்டோருக்குப் போனது பொய் இல்லை. அன்று காலையில் போனேன்.

பேக்கப் இருக்கிறதா என்று சம்யுக்தா கேட்டாள். தினமும் எடுத்திருக்கிறேன் என்றேன். ஒரு நாள் விட்டதில்லை. அதைக் கேட்டதும் முதலாளியின் முகம் தெளிந்தது, எனக்கும் உயிர் வந்தது. ஏப்ரலிலிருந்து நான் போட்ட ஒவ்வொரு என்ட்ரியும் டி டிரைவில் பத்திரமாக இருக்கிறது. டிஸ்க்கைக் கழற்றித் துண்டில் சுற்றி வைத்திருக்கிறேன். நாளைக்குக் காந்திபுரம் போனால் வேலை முடிந்தது.

அக்டோபர் 3, வெள்ளி

காந்திபுரத்தில் மாடியில் ஒரு சின்னக் கடை. கெட்டுப்போன டிஸ்க்கிலிருந்து தகவலை மீட்டுக் கொடுப்பவர்கள். ஷாஹிதா என்று ஒரு பெண், முப்பது வயதுக்குள் இருக்கும், துண்டைப் பிரித்து டிஸ்க்கை வாங்கிக்கொண்டாள். சி டிரைவ் போனால் போகட்டும்மா, டி-யில் பேக்கப் இருக்கிறது, அதை மட்டும் எடுத்துக் கொடு என்று பெரிய மனுஷி மாதிரி சொன்னேன்.

அவள் என்னைப் பார்த்த பார்வை இன்னும் கண்ணுக்குள் இருக்கிறது. பாவமாகத்தான் பார்த்தாள்.

"அக்கா, சி-யும் டி-யும் இந்த ஒரே டிஸ்க்குலதான் இருக்கு. ஒரே வீட்டுக்குள்ள ரெண்டு ரூம் மாதிரி. வீடே எரிஞ்சா எந்த ரூமுக்குப் போவீங்க?"

வேறு எங்காவது, ஒரு பென் டிரைவிலாவது எடுத்திருக்கிறீர்களா என்று கேட்டாள். இல்லை.

தொண்ணூற்றெட்டில் கம்ப்யூட்டர் வகுப்பில் சொல்லிக் கொடுத்தார்கள், சி போனாலும் டி இருக்கும் என்று. வைரஸ் வந்து விண்டோஸ் படுத்தபோதெல்லாம் அப்படித்தான் இருந்தது. மூன்று முறை டி-தான் என்னைக் காப்பாற்றியது. எனக்குப் பின்னால் வந்த பெண்களுக்கெல்லாம் அதையே சொல்லிக் கொடுத்தேன். இந்தக் கோயம்புத்தூரில் இன்னும் எத்தனை கம்பெனியில் என் பேச்சைக் கேட்டு டி-யில் எடுத்துக்கொண்டிருக்கிறார்களோ!

படிக்கட்டில் உட்கார்ந்து அழுதேன். பஸ்ஸில் வரும்போது கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

அக்டோபர் 4, சனி

பேக்கப் என்ன ஆயிற்று என்று முதலாளி கேட்டார். அதையும் சேர்த்துத்தான் எடுக்கக் கொடுத்திருக்கிறேன் என்றேன். சம்யுக்தா ஏதோ கேட்க வாயெடுத்தாள், முதலாளி கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

மருதாசலத்தைக் கூப்பிட்டு, கணக்கு திரும்பி வந்தால் நீயும் வா, அதுவரைக்கும் வர வேண்டாம் என்றார். அவன் லாக்கரிலிருந்து டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு போனான். என் ஜன்னலைத் தாண்டித்தான் கேட்டுக்குப் போக வேண்டும். நான் குனிந்து மேஜை டிராயரில் எதையோ தேடிக்கொண்டிருந்தேன். என்ன தேடினேன் என்று எனக்கே தெரியாது.

அவனுடைய வேலையும் அந்த டிஸ்க்கில்தான் மாட்டிக்கொண்டிருக்கிறது. ஷாஹிதா மீட்டுவிட்டால் எல்லாம் சரியாகிவிடும், யாரும் யாருக்கும் எதையும் சொல்ல வேண்டியதில்லை. கோனியம்மனுக்கு வேண்டிக்கொண்டேன்.

அக்டோபர் 5, ஞாயிறு

30-ஆம் தேதிப் பக்கத்தைத் திருப்பிப் பார்க்கவில்லை.

அக்டோபர் 7, செவ்வாய்

ஷாஹிதா போன் செய்தாள். டிஸ்க்கைத் திறந்து பார்த்துவிட்டாளாம். பவர் போனபோது அதிகம் கெடவில்லை, எடுத்திருக்கலாமாம். ஆனால் அதற்குப் பிறகு யாரோ திரும்பத் திரும்ப ஆன் செய்ததில் உள்ளே இருக்கும் தட்டு முழுக்கக் கீறிப் போயிருக்கிறது. ஒன்றும் தேறாது என்றாள். யார் அப்படிச் செய்தது என்று கேட்டாள்.

எலக்ட்ரீஷியனாக இருக்கும் என்றேன். பொய் சொல்வது இவ்வளவு சுலபமாக வரும் என்று தெரியாது.

அக்டோபர் 8, புதன்

டிஸ்க் போச்சு என்று முதலாளியிடம் சொன்னேன். அவர் ஷெட்டுக்குப் போய் எல்லாரையும் கூப்பிட்டு, கேட்காமல் கண்டதில் கை வைத்தால் இதுதான் என்று சொல்லி, மருதாசலத்துக்கு இனி இங்கே வேலை இல்லை என்று அறிவித்துவிட்டார். பம்ப் ஓடும் சத்தத்தை வைத்தே பேரிங் கோளாறா ஷாஃப்ட் கோளாறா என்று சொல்கிறவன். எனக்குப் பக்கத்தில் நின்ற கேன்டீன் அம்மா, யார்தான் அவனுக்கு இந்தப் புத்தியைச் சொன்னார்களோ என்று முணுமுணுத்தாள்.

ஆடிட்டர் ஆபீசில் மார்ச் வரைக்கும் உள்ள காப்பி இருக்கிறது. அதைப் புது சிஸ்டத்தில் ஏற்றி, ஏப்ரலிலிருந்து எல்லாவற்றையும் காகிதத்தைப் பார்த்து மறுபடி போட வேண்டும். தீபாவளி இருபதாம் தேதி. ஜி.எஸ்.டி. ரிட்டர்ன் கெடுவும் அன்றைக்கேதான். முதலாளி, முடியுமாம்மா என்றார். முடியும் என்றேன். வேறென்ன சொல்ல முடியும்?

அக்டோபர் 10, வெள்ளி

ஏப்ரல் முடிந்தது. மே பாதி.

கூட உட்கார்ந்து உதவுகிறேன் என்று சம்யுக்தா வந்தாள். பாவம், நல்ல எண்ணம்தான். ஆனால் எங்கள் பில்களை வெளியாள் படிக்க முடியாது. 'பெரிய கடை' என்று எழுதியிருந்தால் பழனிக்காரர், 'மாமா' என்று எழுதியிருந்தால் உடுமலை டீலர், ஒன்றுமே எழுதாமல் மூலையில் ஒரு கோடு இருந்தால் வார்ப்படத்துக்குக் கொடுத்த சரக்கு. எல்லாம் என் மண்டைக்குள் இருக்கிறது. மதியத்துக்குள் அவள் எழுந்து போய்விட்டாள். போகும்போது, "உங்களை விட்டா இதை யாராலயும் போட முடியாது இல்லீங்களாக்கா?" என்றாள். பாராட்டு மாதிரிதான் கேட்டது. ஆனால் சிரிக்காமல் சொன்னாள்.

அக்டோபர் 12, ஞாயிறு

ஞாயிறாவது கொஞ்சம் படுக்கலாம் என்று சீக்கிரம் வீட்டுக்கு வந்தேன். மருதாசலத்தின் மனைவி துளசிமணி கேட்டருகே காத்திருந்தாள். உள்ளே உட்கார வைத்துக் காபி கொடுத்தேன்.

அவள் அழவில்லை. அழுதிருந்தால் எனக்குச் சமாளிக்கச் சுலபமாக இருந்திருக்கும். பக்கத்து ஃபவுண்டரியில் வேலை கேட்கப் போனானாம். காற்றடித்துக் கம்ப்யூட்டரைக் கெடுத்தவன்தானே நீ என்று சிரித்து அனுப்பிவிட்டார்களாம். கணபதி ஏரியா முழுக்க அந்தப் பேர் பரவிவிட்டது. இப்போது வீட்டை விட்டு வெளியே வருவதில்லையாம்.

"முதலாளி உங்க பேச்சைத்தான் கேப்பாருங்க. நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்கக்கா. யாரு சொல்லி அடிச்சீங்கன்னு நானும் கேட்டுப் பாத்துட்டேன். வாயே தொறக்க மாட்டேங்கறாரு. 'சொல்ல வேண்டியவங்க சொல்லுவாங்க'ங்கறாரு, அவ்வளவுதானுங்க."

பார்க்கிறேன் என்றேன். காபியைத் தொடாமல் எழுந்து போனாள். அவளுக்குத் தெரிந்திருக்குமா, தெரியாதா? தெரிந்திருந்தால் இவ்வளவு மரியாதையாகப் பேசுவாளா?

எனக்கு ஐம்பத்தொரு வயது. தனி ஆள். தெரிந்தது ஒரே ஒரு சாஃப்ட்வேர், அதிலும் பழைய வெர்ஷன். இந்த நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டால் நான் யார்? இன்டர்வியூவுக்குப் போனால் பேக்கப் எங்கே எடுப்பீர்கள் என்று கேட்பார்களா? இதை எல்லாம் எழுதும்போதே என் மேல் எனக்கு அருவருப்பாக இருக்கிறது. அவன் வாய் திறந்து என் பேரைச் சொல்லியிருந்தால் அவனைத் திட்டியாவது தீர்த்திருப்பேன். சொல்லாமல் நின்றானே, அதைத்தான் தாங்க முடியவில்லை.

அக்டோபர் 13, திங்கள்

பற்று வைக்க வேண்டிய இடத்தில் வரவு வைத்தேன். ஒன்றில் இல்லை, ஒரு கட்டு முழுக்க. இத்தனை வருடத்தில் இப்படி நடந்ததே இல்லை. மறுபடி அழித்துப் போட்டேன்.

அக்டோபர் 14, செவ்வாய்

சொல்லிவிட்டேன்.

மதியம் முதலாளி அறையில் தனியாக இருந்தார். உட்காரச் சொன்னார், நான் நின்றுகொண்டே சொன்னேன். காற்றடிக்கச் சொன்னது நான். பேக்கப் எடுத்தது அதே டிஸ்க்கில். அணைத்து அணைத்துப் போட்டு உள்ளதையும் கெடுத்தது நான். மருதாசலத்தின் மேல் ஒரு தப்பும் இல்லை. மூச்சு விடாமல் சொல்லி முடித்தேன். இன்றோடு எல்லாம் முடிந்தது, இனி நடப்பது நடக்கட்டும் என்று ஒரு நிம்மதி கூட வந்தது.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"டி-லதான் எடுத்திருக்கீங்கன்னு சம்யுக்தா அன்னைக்கே சொல்லிருச்சும்மா. காத்தடிக்கச் சொன்னதும் நீங்களாத்தான் இருக்கும்னு நெனச்சேன். நீங்க கூப்பிடாம ஃபிட்டர் எதுக்கு அக்கவுண்ட்ஸ் ரூமுக்குள்ள வர்றான்?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. தெரிந்துமா அவனை அனுப்பினீர்கள் என்று கேட்டேன்.

"உங்களை அனுப்பிட்டா கணக்கை யாரு போடறது? ஃபிட்டர் கெடைப்பாங்கம்மா. யாராவது ஒருத்தர் மேல நடவடிக்கை எடுக்கலைன்னா ஷெட்டுல ஒருத்தனுக்கும் பயம் இருக்காது. போங்க, ஜூலை எங்க நிக்குதுன்னு பாருங்க."

சாதாரணமாகத்தான் சொன்னார், டீ சொல்லி அனுப்புகிற மாதிரி. என் இடத்துக்கு வந்து உட்கார்ந்தேன். ஜூலை பில்களை எடுத்துப் பிரித்தேன். நான் இத்தனை நாள் பயந்த தண்டனை எனக்கு வரவே வராது. அது அன்றைக்கே இன்னொருவன் தலையில் இறங்கிவிட்டது, நான் போடப்போகும் என்ட்ரிக்காக. பாத்ரூம் போய் வாந்தி எடுத்தேன்.

அக்டோபர் 15, புதன்

இன்று ஒரு என்ட்ரியும் போடவில்லை.

காலையில் சிஸ்டத்தைக்கூடப் போடாமல் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். மருதாசலம் உள்ளே வந்தால்தான் கீபோர்டைத் தொடுவேன் என்று சம்யுக்தாவிடம் சொல்லி அனுப்பினேன். முதலாளி வந்து கதவருகே நின்று பார்த்தார். மிரட்டுகிறீர்களா என்றார். ஆமாங்க என்றேன். அப்படிச் சொல்ல எனக்கு எங்கிருந்து தைரியம் வந்ததோ தெரியாது. இருபதாம் தேதி அவருக்கு மட்டும்தானே கெடு, எனக்கு என்ன போச்சு!

மதியம் ஆடிட்டருக்குப் போன் போனது. வேறு ஆள் வைத்துப் போட முடியுமா என்று கேட்டிருப்பார். சாயங்காலம் மறுபடி வந்தார்.

"வரச் சொல்றேன். ஆனா நான் ஒரு தடவை சொன்னதை மாத்திக்க முடியாதும்மா. எல்லாரும் நிக்கறப்ப அவன் வாயால சொல்லணும். யாரும் சொல்லலை, நானாத்தான் அடிச்சேன், தப்புதான்னு. சொன்னா வேலையைப் பாக்கட்டும்."

இங்கேதான் நான் முடியாது என்று சொல்லியிருக்க வேண்டும். நான்தான் சொன்னேன் என்று நானே ஷெட்டில் போய் நின்று கத்தியிருக்க வேண்டும். அப்படிச் செய்தால் அவர் இரண்டு பேரையும் வெளியே தள்ளிவிட்டு, அபராதம் கட்டினாலும் கட்டுவேன் என்று நின்றுவிடுவார். எனக்கு அவரைத் தெரியும். துளசிமணி தொடாமல் வைத்துவிட்டுப் போன காபி நினைவுக்கு வந்தது. சரிங்க என்றேன்.

அதை மருதாசலத்திடம் சொல்லும் வேலையையும் என் தலையிலேயே கட்டினார். போன் செய்து சொன்னேன். மறுமுனையில் டி.வி. சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "நானாத்தான் அடிச்சேன்னு சொல்லோணும், அவ்வளவுதானுங்களே? சொல்லிடறேனுங்க" என்று வைத்துவிட்டான். நான் முதலாளியிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன் என்று அவனிடம் சொல்ல நினைத்தேன், அதற்குள் வைத்துவிட்டான்.

அக்டோபர் 16, வியாழன்

காலை ஷிஃப்ட் தொடங்கும் முன் எல்லாரும் ஷெட்டில் நின்றார்கள். நானும் நின்றேன். மருதாசலம் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தான். சொல்ல வேண்டியதைச் சொன்னான்.

"நானாத்தான் காத்தடிச்சனுங்க. யாரும் சொல்லலைங்க. தப்புதானுங்க, மன்னிச்சுக்கோணும்."

குரல் நடுங்கவில்லை. யாரையும் பார்க்கவும் இல்லை. லேத்துக்காரப் பையன்கள் சிலர் சிரித்தார்கள். முதலாளி சரி, வேலையைப் பாரு என்றார். நான் கத்தவில்லை. கத்துவதற்கு வாய் வரை வந்தது, அங்கேயே நின்றுவிட்டது. அறைக்கு வந்து ஆகஸ்ட் பில்களைப் பிரித்தேன்.

அக்டோபர் 18, சனி

செப்டம்பர் முடிந்தது. ரிட்டர்ன் போய்விட்டது. ஆடிட்டரே பேசி, தனி ஆளாக இத்தனையையும் போட்டீர்களா என்று ஆச்சரியப்பட்டார். இனி பேக்கப் ஆன்லைனில் என்று சம்யுக்தா ஏற்பாடு செய்துவிட்டாள். சொன்ன இடத்தில் கையெழுத்துப் போட்டேன்.

தீபாவளி இனிப்பு கொடுக்கும்போது முதலாளி எல்லார் முன்னாலும் என்னைப் பற்றிப் பேசினார். யாரோ செய்த தப்புக்கு இந்த அம்மா ராப்பகல் பார்க்காமல் உழைத்துக் கம்பெனி மானத்தைக் காப்பாற்றினார் என்றார். கைதட்டினார்கள். மருதாசலமும் தட்டினான். எனக்கு அந்த இடத்திலேயே பூமிக்குள் போய்விட வேண்டும் போல இருந்தது.

சாயங்காலம் மருதாசலம் பம்ப் டெஸ்ட் ரிப்போர்ட்டைக் கொடுக்க என் அறைக்கு வந்தான். பதினாலு வருடமாக உள்ளே வந்து மேஜை மேலேயே வைத்துவிட்டு, ஊர்க்கதை ஒன்று சொல்லிவிட்டுப் போகிறவன். இன்று வாசலிலேயே நின்றான்.

நான் எழுந்து போனேன். மருதாசலம், முதலாளியிடம் நான் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்பா, செவ்வாய்க்கிழமையே சொல்லிவிட்டேன் என்றேன்.

"தெரியுமுங்க. சம்யுக்தாம்மா சொன்னாங்க" என்றான். தாளை நீட்டினான். "ரிப்போர்ட்டுங்க, மேடம்."

மேடம் என்று இந்தக் கம்பெனியில் என்னை ஒருவரும் கூப்பிட்டதில்லை. வாட்ச்மேனிலிருந்து வார்ப்படத்துக்காரர் வரை எல்லாருக்கும் நான் அக்காதான். அவன் கோபமாகச் சொல்லவில்லை. மரியாதையாக, ஆபீசில் ஒருவரிடம் எப்படிப் பேச வேண்டுமோ அப்படிச் சொன்னான். அக்கா என்று கூப்பிடப்பா என்று கேட்க எனக்கு வாயில்லை. தாளை வாங்கிக்கொண்டு, சரி என்றேன். அவன் போன பிறகு உட்கார்ந்து இன்றைய என்ட்ரியைப் போட்டு முடித்தேன்.